ஸ்ரீகர் பிரசாத்: படத்துக்குப் படம் மாறும் தாளம்

2009-ஆம் ஆண்டுப் படங்களுக்கான 57-வது தேசியத் திரைப்பட விருதுகளில் அபூர்வமான ஒன்று நடந்தது. சிறந்த படத்தொகுப்புக்கான விருது வேறொருவருக்குப் போனது. நடுவர் குழு அதோடு நிற்கவில்லை. சிறப்பு நடுவர் விருதை இன்னொரு எடிட்டருக்குக் கொடுத்தது. அதுவும் ஒரு படத்துக்காக அல்ல. ‘குட்டி ஸ்ராங்க்’, ‘கமீனே’, ‘கேரள வர்ம பழசி ராஜா’ என்று மூன்று படங்களைச் சேர்த்து. அந்த எடிட்டர் ஸ்ரீகர் பிரசாத்.

அந்த மூன்று படங்களையும் அடுத்தடுத்துப் பார்த்தால் நடுவர்கள் எதைக் கண்டு அசந்துபோனார்கள் என்பது புரியும். ‘குட்டி ஸ்ராங்க்’ ஷாஜி என். கருணின் படம். இறந்துபோன ஒரு படகோட்டியைப் பற்றி மூன்று பெண்கள் தங்களுக்குத் தெரிந்ததைச் சொல்கிறார்கள். காயலில் தண்ணீர் நகர்வதைப் போல அந்தப் படம் நகரும். ‘கமீனே’ விஷால் பரத்வாஜின் மும்பைக் கதை. இரட்டையரில் ஒருவனுக்குத் திக்குவாய், இன்னொருவனுக்கு ‘ச’ வராது. ஒரு கிட்டார் பெட்டி நிறைய போதைப்பொருள். அதன் பின்னால் ஊரே ஓடுகிறது. ‘பழசி ராஜா’வோ கிழக்கிந்தியக் கம்பெனியை வயநாட்டுக் காடுகளில் மறைந்திருந்து எதிர்த்த அரசனின் வரலாறு. பெரிய படை, பெரிய சண்டை, பெரிய வசனம். ஒரே ஆண்டில், ஒரே ஆள், மூன்று வேறு தாளங்கள். டைட்டில் கார்டைப் பார்க்காமல் மூன்றும் ஒரே கையில் இருந்து வந்தவை என்று யாராலும் சொல்ல முடியாது.

பன்முக எடிட்டர் என்று ஒருவரைச் சொல்லும்போது நாம் வழக்கமாக மொழிகளையும் வகைகளையும் எண்ணுகிறோம். ஸ்ரீகர் பிரசாத் விஷயத்தில் அந்த எண்ணிக்கையும் பெரியதுதான். ஒன்பது தேசிய விருதுகள். அவற்றில் ஏழு, கதைப்படங்களின் சிறந்த படத்தொகுப்புக்காக. 1989-ஆம் ஆண்டின் ‘ராக்’ என்ற இந்திப் படத்தில் தொடங்கி, 2020-ஆம் ஆண்டுக்கான விருதுகளில் ‘சிவரஞ்சனியும் இன்னும் சில பெண்களும்’ வரை அந்த ஏழும் பரவிக் கிடக்கின்றன. இடையில் அசாமிய மொழிப் படமான ‘ராக் பிராக்’, தமிழில் ‘தி டெரரிஸ்ட்’, மலையாளத்தில் ‘வானப்பிரஸ்தம்’, மறுபடி தமிழில் ‘கன்னத்தில் முத்தமிட்டால்’, பிறகு ‘ஃபிராக்’. ஆனால் எனக்கு எண்ணிக்கையை விட முக்கியமாகப் படுவது வேறு. தன் கையெழுத்தை எந்தப் படத்திலும் பெரிதாகப் போடாமல், ஒவ்வொரு படத்தின் மூச்சும் எங்கே இருக்கிறது என்று காது கொடுத்துக் கேட்கிற பழக்கம்தான் அவரை இத்தனை இடங்களுக்கு அழைத்துப் போயிருக்கிறது.

அந்தப் பழக்கம் எங்கிருந்து வந்திருக்கும்? அவர் சென்னையில் சினிமாக் குடும்பத்தில் பிறந்தவர். தந்தை அக்கினேனி சஞ்சீவி ஒரு எடிட்டர். பிரசாத் ஸ்டுடியோவை உருவாக்கிய எல்.வி. பிரசாத் நெருங்கிய உறவு. ஸ்ரீகர் பிரசாத் சென்னைப் பல்கலைக்கழகத்தில் இலக்கியம் படித்தார். அப்புறம் தந்தையிடம் உதவியாளராகச் சேர்ந்து, தெலுங்குப் படங்களில் வேலை கற்றுக்கொண்டார்.

அந்தக் காலத்து எடிட்டிங் அறை எப்படி இருந்தது என்று தெரிந்தால்தான் அந்தப் பயிற்சியின் கனம் புரியும். 35 மி.மீ. படச்சுருளில் ஒரு விநாடிக்கு 24 ஃபிரேம். ஓர் அடி நீளத்தில் 16 ஃபிரேம். அதாவது ஒரு நிமிடப் படம் 90 அடி. இரண்டரை மணி நேரப் படம் என்றால் 13,500 அடி. எடுத்ததெல்லாம் சேர்ந்தால் அதைப் போலப் பல மடங்கு. படம் ஒரு சுருளில், ஒலி தனியாக இன்னொரு சுருளில் இருக்கும். கிளாப் பலகை அடிக்கும் ஃபிரேமையும் அந்த ‘டக்’ சத்தத்தையும் பொருத்தி இரண்டையும் ஒன்றாக ஓடவிடுவதே உதவியாளரின் முதல் வேலை. மூவியோலா, ஸ்டீன்பெக் போன்ற எடிட்டிங் இயந்திரங்களில் ஓடவிட்டுப் பார்த்து, வெட்ட வேண்டிய இடத்தில் மெழுகுப் பென்சிலால் கோடு போட்டு, வெட்டி, டேப் ஒட்டிச் சேர்ப்பார்கள். வெட்டி எடுத்த துண்டுகளை அடையாளம் எழுதித் தொங்கவிடுவார்கள். நான்கு ஃபிரேம் கூடுதலாக வேண்டும் என்று இயக்குநர் மறுநாள் கேட்டால், அந்த நான்கு ஃபிரேம் துண்டைத் தேடிப் பிடிக்க வேண்டும். நான்கு ஃபிரேம் என்பது ஒரு விநாடியில் ஆறில் ஒரு பங்கு. நீளத்தில் கால் அடி.

இதெல்லாம் பாசிட்டிவ் பிரதியில் நடப்பது. வேலை முடிந்த பிறகு, விளிம்பில் இருக்கும் எண்களை வைத்து, கேமராவில் பதிவான மூலச் சுருளான நெகட்டிவை அதே இடங்களில் வெட்டுவார்கள். நெகட்டிவில் கத்தரி விழுந்தால் போனது போனதுதான். அதனால் வெட்டுவதற்கு முன்பே காட்சி முழுவதையும் மனதுக்குள் ஓட்டிப் பார்த்தாக வேண்டிய கட்டாயம் அன்றைய எடிட்டர்களுக்கு இருந்தது. தொண்ணூறுகளில் கணினி வந்தது. ஒரே காட்சியைப் பத்து விதமாகத் தொகுத்துப் பார்க்கலாம், பிடிக்கவில்லை என்றால் ஒரு பட்டனில் பழையபடி ஆக்கிக்கொள்ளலாம் என்று ஆனது. பழைய முறையில் ஊறியவர்களில் சிலர் அதோடு விலகினார்கள். ஸ்ரீகர் பிரசாத்தின் ஓட்டம் அதற்குப் பிறகுதான் வேகமெடுத்தது. கத்தரியின் பயத்தில் கற்ற நிதானமும், கணினி கொடுத்த சுதந்திரமும் ஒருவரிடமே சேர்ந்து இருந்தது அவருக்குப் பெரிய பலம் என்று நினைக்கிறேன்.

முதல் தேசிய விருது கிடைத்த ‘ராக்’ படத்தை இயக்கியவர் ஆதித்ய பட்டாச்சார்யா. ஆமிர் கான் நடித்த இருண்ட படம். ஒளிப்பதிவு சந்தோஷ் சிவன். ஸ்ரீகர் பிரசாத்தும் சந்தோஷ் சிவனும் அதன் பிறகு பல இடங்களில் ஒன்றாக வேலை செய்தார்கள். சந்தோஷ் சிவன் இயக்கிய ‘தி டெரரிஸ்ட்’ அவற்றில் எனக்கு மிகவும் நெருக்கமானது. மனித வெடிகுண்டாக அனுப்பப்படும் மல்லி என்ற பெண்ணின் கடைசி நாட்கள். வசனம் மிகக் குறைவு. ஆயிஷா தர்க்கரின் முகம், கண், மூச்சு, மழை, இலை, தண்ணீர். கதை சொல்வதற்கு வேறு ஒன்றும் கையில் இல்லை. இப்படிப்பட்ட படத்தில் எடிட்டருக்கு இரண்டு ஆபத்துகள் உண்டு. முகத்தை அதிக நேரம் வைத்தால் பார்ப்பவர் விலகிவிடுவார். சீக்கிரம் வெட்டினால் அவள் மனதுக்குள் என்ன நடக்கிறது என்று நாம் யோசிக்கத் தொடங்குவதற்குள் வாய்ப்பு போய்விடும். அவள் முகத்தில் ஓர் எண்ணம் தோன்றி, நமக்கு எட்டி, அடங்குவதற்குள் அடுத்த ஷாட் வர வேண்டும். அந்தக் கணக்கை அந்தப் படம் கடைசிவரை தவறவிடவில்லை.

இனி மணிரத்னத்துக்கு வருகிறேன். தமிழ் ரசிகர்களில் பெரும்பாலானோர் ஸ்ரீகர் பிரசாத்தின் பெயரைக் கவனித்தது இங்கேதான். அதற்கு முந்தைய ‘ரோஜா’, ‘பம்பாய்’ படங்களைத் தொகுத்தவர் சுரேஷ் அர்ஸ். 2000-இல் ‘அலைபாயுதே’வில் ஸ்ரீகர் பிரசாத் வந்தார். அன்று முதல் ‘பொன்னியின் செல்வன்’ இரண்டு பாகங்களும் தாண்டி இருவரின் கூட்டு நீண்டுகொண்டே வந்திருக்கிறது.

‘அலைபாயுதே’வின் கதையை நேராகச் சொன்னால் சாதாரணக் கதை. இருவர் காதலித்து, வீட்டுக்குத் தெரியாமல் கல்யாணம் செய்து, பிறகு சேர்ந்து வாழ முடியாமல் தடுமாறுகிறார்கள். படமோ கார்த்திக் மனைவியை அழைத்துப்போக ரயில் நிலையத்துக்கு வருவதோடு தொடங்குகிறது. அவள் வரவில்லை. அவன் காத்திருக்கிறான், தேடுகிறான், பதறுகிறான். அந்தப் பதற்றத்துக்கு நடுவே பழைய நாட்கள் துண்டு துண்டாக வருகின்றன. காதல் காட்சியின் சிரிப்பு முழுதாக அடங்குவதற்குள் தேடல் திரும்பி வந்துவிடும். இதனால் அவர்களின் மிக மகிழ்ச்சியான நேரத்தில்கூட நமக்குள் ஒரு கலக்கம் ஓடிக்கொண்டே இருக்கிறது.

இது திரைக்கதையிலேயே எழுதப்பட்டிருக்குமே, எடிட்டருக்கு இதில் என்ன பெருமை என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. நேற்றுக்கும் இன்றுக்கும் மாறி மாறிப் போக வேண்டும் என்பது காகிதத்தில் இருக்கலாம். எந்த முகபாவத்தில் நேற்றிலிருந்து இன்றுக்குத் தாவுவது, அடுத்த காட்சியின் சத்தத்தை எவ்வளவு முன்னால் கேட்கவிடுவது, பார்வையாளர் எங்கே இருக்கிறோம் என்று குழம்பாமல் எத்தனை விநாடியில் புரிந்துகொள்வார் என்பதெல்லாம் காகிதத்தில் இருக்காது. படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தால் தெரியும், காலம் மாறுகிற இடங்களில் பெரும்பாலும் ஒலிதான் முதலில் கை நீட்டுகிறது. காது முன்னே போய்விடுவதால் கண் தடுமாறாமல் பின்தொடர்கிறது.

‘ஆய்த எழுத்து’ இந்தப் போக்கின் அடுத்த படி. நேப்பியர் பாலத்தில் ஒருவன் இன்னொருவனைச் சுடுகிறான், மூன்றாமவன் பார்க்கிறான். மூவரின் கதையும் தனித்தனியாகப் பின்னோக்கிப் போய், ஒவ்வொன்றும் அதே பாலத்துக்கு வந்து சேர்கிறது. ஒரே சம்பவத்தை மூன்று முறை பார்க்கிறோம். ஒவ்வொரு முறையும் நமக்குத் தெரிந்தது கூடியிருப்பதால், அதே துப்பாக்கிச்சூடு வேறு மாதிரி வலிக்க வேண்டும். அப்படியே திரும்பக் காட்டினால் அலுப்பு. அதிகம் மாற்றினால் இது அதே சம்பவம்தானா என்ற குழப்பம். ‘குட்டி ஸ்ராங்க்’கில் மூன்று பெண்களின் நினைவு, மேக்னா குல்சாரின் ‘தல்வார்’ படத்தில் ஒரே கொலைக்கு வெவ்வேறு விசாரணைகள் சொல்லும் வெவ்வேறு விளக்கங்கள், நந்திதா தாஸின் ‘ஃபிராக்’கில் 2002 குஜராத் கலவரத்துக்குப் பிறகான ஒரே நாளில் பல குடும்பங்கள். ஒன்றைப் பல கண்களால் பார்க்கிற படங்கள் இவரிடம் திரும்பத் திரும்ப வந்திருக்கின்றன. தன் கையெழுத்தைப் போடாதவர் என்று மேலே சொன்னேன். கூர்ந்து பார்த்தால் அவர் கை தெரிகிற ஒரே இடம் இதுதான்: சிதறிக் கிடக்கும் காலத்தை நமக்கு வலிக்காமல் கோத்துத் தருவது.

வணிகப் படத்தில் இதே திறமை எப்படி வேலை செய்கிறது என்பதற்கு ஏ.ஆர். முருகதாஸின் ‘துப்பாக்கி’ நல்ல உதாரணம். ஒரு கல்யாணத்துக்கு வந்த ராணுவ நண்பர்கள், நகரம் முழுவதும் பிரிந்து போய் 12 பேரைத் தனித்தனியாகப் பின்தொடர்கிறார்கள். எல்லோரையும் ஒரே நேரத்தில் சுட வேண்டும். அத்தனை பேர், அத்தனை தெருக்கள், அத்தனை இலக்குகள். யார் யாரின் பின்னால் போகிறார்கள் என்று நமக்கு ஒரு முறைகூடக் குழப்பம் வராது. கடைசி நொடியில் எல்லாத் துப்பாக்கிகளும் ஒன்றாக வெடிக்கும்போது தியேட்டர் அதிர்ந்தது. அதைப் பார்த்தவர்களில் எத்தனை பேர் எடிட்டரை நினைத்திருப்பார்கள்? அந்த நிமிடங்களை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். ஒருவன் நடக்கும் திசை, இன்னொருவன் திரும்பும் திசை, மூன்றாமவன் நிற்கும் நொடி என்று ஒன்றில் விட்ட அசைவை அடுத்தது எடுத்துக்கொள்கிறது. பத்துப் பன்னிரண்டு இடங்களில் நடப்பது ஒரே நடையாகத் தோன்றுவது அதனால்தான்.

இதே வேலையின் மிகப் பெரிய வடிவம் ‘ஆர்.ஆர்.ஆர்.’ ராஜமௌலியின் முந்தைய படங்கள் பலவற்றை மூத்த எடிட்டர் கோட்டகிரி வெங்கடேஸ்வர ராவ் தொகுத்திருந்தார். இதை ஸ்ரீகர் பிரசாத் தொகுத்தார். பாலத்தின் அடியில், எரியும் ஆற்றில் சிக்கிய சிறுவனைக் காப்பாற்ற ஒருவன் குதிரையிலும் ஒருவன் பைக்கிலும் பாய்கிற காட்சியை நினைத்துப் பாருங்கள். இருவருக்கும் ஒருவரை ஒருவர் தெரியாது. ஒரு பார்வை, ஒரு கையசைவு, அவ்வளவுதான். அந்த நொடியில் இருவரும் நண்பர்களாகிவிட்டார்கள் என்று நாம் நம்பினால்தான் அதற்குப் பிறகு வரும் படம் முழுவதற்கும் அர்த்தம் உண்டு. நெருப்பும் கயிறும் பாலமும் கண்ணை இழுக்கும். ஆனாலும் அந்தக் காட்சி அடிக்கடி இரு முகங்களுக்கும் திரும்பி வருகிறது. பிரம்மாண்டத்துக்குள் முகத்தைத் தொலைக்காமல் இருப்பது, ‘தி டெரரிஸ்ட்’ காலத்திலிருந்து வந்த பழக்கம்.

எல்லாப் பெரிய படங்களிலும் இது நடந்தது என்று சொல்ல மாட்டேன். பெரிய நட்சத்திரங்களின் சில படங்களில் பாட்டும் சண்டையும் பஞ்ச் வசனமும் வரிசையாக நிற்க, எடிட்டருக்கு நீளத்தைக் குறைப்பதைத் தவிர வேறு வேலை இல்லாததுபோல் தோன்றும். காட்சியில் இல்லாத உயிரைக் கத்தரியால் கொண்டுவர முடியாது. அதோடு, ஒரு எடிட்டரை வெளியிலிருந்து மதிப்பிடுவதில் உள்ள அடிப்படைச் சிக்கலும் இருக்கிறது. அவர் எதை நீக்கினார் என்பது நமக்குத் தெரியவே தெரியாது. ஒரு சுமாரான படம், அவர் கை படாமல் இருந்தால் இன்னும் எவ்வளவு மோசமாக இருந்திருக்கும் என்று யாருக்குத் தெரியும்?

மொழி விஷயத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகப் பேச வேண்டும். அசாமிய மொழிப் படத்தைச் சென்னைக்காரர் ஒருவர் தொகுத்து விருது வாங்குவது எப்படி? வசனத்தின் பொருளை மொழிபெயர்ப்பில் படித்துக்கொள்ளலாம். பிரச்சினை பொருளில் இல்லை, நேரத்தில்தான் இருக்கிறது. பேசுபவரிடமிருந்து கேட்பவரின் முகத்துக்கு எப்போது போவது? நம் மொழிகளில் வினைச்சொல் கடைசியில் வருகிறது. ‘நான் உன்னோடு வர...’ என்கிற வரைக்கும் கேட்பவருக்குப் பதில் தெரியாது. ‘மாட்டேன்’ என்று முடியும்போதுதான் அவர் முகம் மாற வேண்டும். ‘வர’ என்ற இடத்தில் கேட்பவருக்கு வெட்டினால் அவருடைய ஏக்கத்தைப் பார்க்கலாம். ‘மாட்டேன்’ முடிந்த பிறகு வெட்டினால் அவருடைய ஏமாற்றத்தைப் பார்க்கலாம். இரண்டும் வேறு வேறு காட்சிகள். தமிழ், தெலுங்கு, மலையாளம், இந்தி, அசாமியம் என்று இந்த மொழிகளின் வாக்கியங்கள் எல்லாமே இப்படிக் கடைசியில்தான் அவிழ்கின்றன. இங்கே ஒரு மொழியில் காது பழகிய எடிட்டருக்கு அடுத்த மொழி முழு அந்நியம் இல்லை. குரல் இறங்கும் இடம், மூச்சு வாங்கும் இடம், உதடு மூடும் இடம் ஆகியவற்றைக் கேட்டே பாதி வழி போய்விடலாம்.

மணிரத்னம் 2010-இல் ஒரே கதையை இரண்டு மொழிகளில் எடுத்தபோது இதற்கு நேரடியான சோதனை வந்தது. தமிழ் ‘ராவணன்’ படத்தில் விக்ரம் காட்டு நாயகன். இந்தி ‘ராவண்’ படத்தில் அதே பாத்திரம் அபிஷேக் பச்சனுக்கு. விக்ரமோ அவரைத் துரத்தும் போலீஸ்காரர். இரண்டையும் தொகுத்தவர் ஸ்ரீகர் பிரசாத். கதை ஒன்று, காடு ஒன்று, ஐஸ்வர்யா ராய் இரண்டிலும் உண்டு. ஆனால் எதிரில் நிற்கும் நடிகர் மாறியதும் காட்சியின் நடை மாறிவிடுகிறது. விக்ரம் அடக்கி வைத்து வெடிக்கிறார். அபிஷேக் பச்சன் நிலைகொள்ளாமல் அலைகிறார். தமிழில் வெட்டிய இடத்தை அளந்து அப்படியே இந்தியில் வெட்டினால் உதவாது. சினிமா படிக்கும் மாணவர்கள் இந்த இரண்டு படங்களையும் பக்கத்தில் வைத்து ஒரு காட்சியை மட்டும் ஒப்பிட்டுப் பார்த்தால் போதும், நடிப்புக்குத் தக்க எடிட்டிங் எப்படி வளைகிறது என்பது பிடிபடும்.

‘கன்னத்தில் முத்தமிட்டால்’ படத்தைத் தனியாகச் சொல்லியாக வேண்டும். அமுதாவின் ஒன்பதாவது பிறந்தநாளில் அவள் தத்துப் பிள்ளை என்று பெற்றோர் சொல்லிவிடுகிறார்கள். அந்தக் காட்சிக்குப் பிறகு படம் எளிதாக அழுகையில் விழுந்திருக்கலாம். அது பின்னோக்கிப் போய், வளர்ப்புப் பெற்றோரான திருவும் இந்திராவும் அந்தக் குழந்தைக்காகவே எப்படிச் சேர்ந்தார்கள் என்று காட்டுகிறது. துக்கத்தின் நடுவில் ஒரு காதல் கதை. கேட்பதற்கே விபரீதமான வரிசை. ஆனால் அதைப் பார்த்த பிறகு, அமுதா தன்னைப் பெற்ற தாயைத் தேடுவது இந்திராவுக்கு எவ்வளவு வலிக்கும் என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது. கடைசியில் இலங்கையில் மகளும் பெற்ற தாயும் வளர்த்த தாயும் நிற்கும்போது, குழந்தையின் கேள்விகளுக்கு மட்டுமல்ல, ஒவ்வொரு கேள்வியின்போதும் இரண்டு தாய்மார்களின் முகங்களுக்கும் இடம் கிடைக்கிறது. அங்கே பெற்ற தாயாக நடித்த நந்திதா தாஸ்தான் பிறகு ‘ஃபிராக்’ படத்தை இயக்கினார். அந்தப் படமும் ஸ்ரீகர் பிரசாத்துக்கு விருது வாங்கித் தந்தது.

‘ஆர்.ஆர்.ஆர்.’ வெளிவந்தது 2022 மார்ச்சில். அதே ஆண்டு ஜூலையில் 68-வது தேசிய விருதுகளை அறிவித்தார்கள். சிறந்த படத்தொகுப்புக்கான விருது வசந்த் இயக்கிய ‘சிவரஞ்சனியும் இன்னும் சில பெண்களும்’ படத்துக்கு. அசோகமித்திரன், ஜெயமோகன், ஆதவன் மூவரின் சிறுகதைகளில் இருந்து, மூன்று வேறு காலகட்டங்களில் வாழும் மூன்று பெண்கள். முதல் கதையில் அடித்து மிரட்டும் கணவனை ஒரே ஒரு நாள் எதிர்த்துப் பேசிவிடுகிறாள் சரஸ்வதி. அதற்குப் பிறகு அந்தச் சின்ன வீட்டில் கவிகிற மௌனத்தைப் படம் அவசரப்பட்டு நிரப்பவில்லை. அவள் வேலை செய்கிறாள், அவன் பேசவில்லை, நேரம் போகிறது. வெட்டலாமே என்று தோன்றும் இடத்தைத் தாண்டியும் ஷாட் நிற்கிறது. நெருப்பும் வெள்ளமும் புலியும் பாய்ந்த அந்த நீளமான படத்தைத் தொகுத்த அதே கைதான் இங்கே, ஒரு பெண் தன் வீட்டில் சும்மா உட்கார்ந்திருக்கும் வரை பொறுமையாகக் காத்திருக்கிறது.